‘பரிசீலித்து உத்தரவிடுக’ என்றால் உரிமம் கிடைத்துவிட்டதா? – வாசகர் கேள்வி, வழக்கறிஞர் பதில்

போன இதழில் உணவுக் கடை உரிமம் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை கேட்பது ஒன்றைத்தான். ‘கோர்ட் உத்தரவு கையில் இருக்கிறது, அதிகாரி கண்டுகொள்ளவில்லை, கன்டெம்ப்ட் (நீதிமன்ற அவமதிப்பு மனு) போடலாமா?’ சிலருக்கு நேர்மாறான பயம். அவர்கள் வீட்டுக்கே அவமதிப்பு நோட்டீஸ் வந்திருக்கிறது. அதனால் இந்த முறை மற்றக் கேள்விகளைத் தள்ளிவைத்துவிட்டு இதையே எடுத்துக்கொள்கிறேன். என் அம்மா திருமங்கலத்தில் இட்லிக் கடை நடத்தி எங்களை வளர்த்தவர். உணவுத் தொழில் செய்கிறவர்களின் கடிதம் என்றால் எனக்கு இரண்டாம் முறை படிக்கத் தோன்றும்.

கேள்வி: வக்கீல் அம்மாவுக்கு வணக்கம். வீட்டை ஒட்டி ஷெட் போட்டுத் தக்காளித் தொக்கு, புளிக்காய்ச்சல், இட்லிப் பொடி தயாரிக்கிறேன். ஐந்து பெண்கள் வேலை பார்க்கிறார்கள். வியாபாரம் கூடியதால் உணவுப் பாதுகாப்புத் துறையில் மாநில உரிமத்துக்கு விண்ணப்பித்தேன். எட்டு மாதம் பதில் இல்லை. அதிகாரியை முடிவெடுக்க வைக்கும்படி கேட்டு உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டோம். ‘மனுதாரரின் விண்ணப்பத்தைப் பரிசீலித்து, உத்தரவு நகல் கிடைத்த எட்டு வாரத்துக்குள் சட்டப்படி தகுந்த உத்தரவு பிறப்பிக்க வேண்டும்’ என்று நீதிபதி சொன்னார். அதற்கு அப்புறம் ஐந்து மாதம் ஓடிவிட்டது. ஆபீசுக்குப் போனால் ‘கேம்ப் போயிருக்கிறார்’ என்கிறார்கள். கன்டெம்ப்ட் போட்டால் அடுத்த வாரமே உரிமம் வந்துவிடும் என்கிறார் தெரிந்த ஒருவர். அந்த அதிகாரியை ஜெயிலுக்கு அனுப்ப முடியுமா?
– வாசகி, வேடசந்தூர்

பதில்: அம்மா, உங்கள் கோபம் நியாயமானது. ஆனால் மனு போடுவதற்கு முன்னால் அந்த உத்தரவின் கடைசிப் பத்தியை வாய்விட்டுப் படியுங்கள். ‘உரிமம் வழங்க வேண்டும்’ என்று எங்காவது இருக்கிறதா? ‘பரிசீலித்து, சட்டப்படி உத்தரவு’ என்றுதான் இருக்கும். உங்கள் விண்ணப்பத்தின் மேல் ஏதாவது ஒரு முடிவை எடு என்று அதிகாரிக்குச் சொல்லியிருக்கிறார்கள். எந்த முடிவு என்று சொல்லவில்லை.

இதில்தான் பலர் ஏமாந்துபோகிறார்கள். அவமதிப்பு மனு பதிவாகி, அதிகாரிக்கு நோட்டீஸ் போகிறது. அடுத்த வாய்தாவுக்கு முந்தின நாள் அவர் ஒரு உத்தரவு போட்டு எடுத்து வருகிறார்: ‘தண்ணீர்ப் பரிசோதனை அறிக்கை இணைக்கப்படவில்லை, விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது.’ அவ்வளவுதான், உத்தரவு நிறைவேறிவிட்டது, மனு முடித்துவைக்கப்படும். நிராகரித்தது தப்பாகவே இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணம், பழைய உத்தரவை அவமதித்ததாக ஆகாது. 1996-ல் பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான். 2014-ல் சுதீர் வாசுதேவா வழக்கிலும், மூல உத்தரவில் இல்லாத ஒன்றை அவமதிப்பு விசாரணையில் புதிதாகச் சேர்த்துக் கொடுக்க முடியாது என்று தெளிவாகச் சொன்னார்கள். அந்த வழக்கு நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போனதுதான்.

ஆகவே மனு போடும் முன்னால் நிராகரிக்க ஒரு காரணமும் கிடைக்காதபடி உங்கள் விண்ணப்பத்தைச் சுத்தம் செய்யுங்கள். விண்ணப்பத்தை யார் போட்டது? பிரவுசிங் சென்டரில் என்றால் எந்த செல்போன் நம்பரும் எந்த இமெயிலும் கொடுத்தார்கள் என்று உடனே போய்ப் பாருங்கள். என்னிடம் வந்த ஒரு மிட்டாய்க் கடைக்காரர் ஒன்றரை வருடம் அதிகாரியைத் திட்டிக்கொண்டிருந்தார். உணவு உரிமத்துக்கு விண்ணப்பிக்கும் இணையதளமான ஃபாஸ்காஸுக்குள் போய்ப் பார்த்தபோது, விண்ணப்பித்த பதினோராவது நாளே ‘கட்டட வரைபடத்தில் அளவு இல்லை’ என்று ஒரு விளக்கக் கேள்வி வந்து நின்றிருந்தது. அந்தத் தகவல் போனது சென்டர் வைத்திருந்த பையனின் நம்பருக்கு. அவன் கடையை மூடிவிட்டுத் திருப்பூர் போய்விட்டான். 2011 உரிம ஒழுங்குமுறைப்படி, கேட்ட விவரத்தை 30 நாளுக்குள் தராவிட்டால் விண்ணப்பம் தானாகவே நிராகரிக்கப்பட்டதாக ஆகிவிடும். அவர் அதிகாரி மேல் தொடுத்திருந்த வழக்கு அந்த ஒரு வரியில் படுத்துவிட்டது. உங்களுக்கு அப்படி நடக்கக் கூடாது. வரைபடம், இயந்திரப் பட்டியல், தண்ணீரின் ரசாயன, நுண்ணுயிர்ப் பரிசோதனை அறிக்கை எல்லாம் ஏறியிருக்கிறதா என்று உங்கள் கண்ணால் பாருங்கள்.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். 2006-ம் ஆண்டு உணவுப் பாதுகாப்பு, தரங்கள் சட்டத்தின் 31-வது பிரிவிலேயே ஒரு பாதுகாப்பு இருக்கிறது. விண்ணப்பித்து இரண்டு மாதத்துக்குள் உரிமம் தரவும் இல்லை, மறுக்கவும் இல்லை என்றால் தொழிலைத் தொடங்கலாம். அப்புறம் அதிகாரி உரிமத்தை மறுக்கக் கூடாது, தேவைப்பட்டால் குறைகளைச் சரிசெய்யச் சொல்லும் மேம்பாட்டு நோட்டீஸ்தான் கொடுக்கலாம். உங்கள் ரிட்டில் இதைச் சொல்லியிருந்தார்களா என்று வக்கீலிடம் கேளுங்கள். காகிதத்தில் அருமையான வசதி. நடைமுறையில் உங்களைப் போல பாட்டிலில் அடைத்து விற்பவர்களுக்குப் பாதிதான் உதவும். லேபிளில் அச்சிட 14 இலக்க உரிம எண் வேண்டும், எண் இல்லாத பாட்டிலை எந்த சூப்பர் மார்க்கெட்டும் அலமாரியில் ஏற்றாது. சட்டம் தொழில் செய் என்கிறது, விற்கிற இடம் எண்ணைக் கேட்கிறது. இந்த இடைவெளியில்தான் சின்ன உற்பத்தியாளர்கள் மாட்டிக்கொண்டு தவிக்கிறார்கள். அதனால்தான் ‘பரிசீலித்து’ என்ற வார்த்தையோடு வருகிற உத்தரவு உங்களுக்குப் போதவில்லை என்று நான் நினைக்கிறேன். அடுத்த முறை ரிட் போட நேர்ந்தால் 31-வது பிரிவைச் சொல்லி, உரிமமே வழங்கும்படி கேட்கச் சொல்லுங்கள்.

சரி, இப்போது மனுவுக்கு வருவோம். ‘நகல் கிடைத்த எட்டு வாரத்துக்குள்’ என்பதில் ‘கிடைத்த’ என்ற சொல்தான் உயிர். நகல் என்றைக்குக் கிடைத்தது என்று காட்டும் காகிதம் உங்களிடம் இருக்கிறதா? இதை நான் அடிபட்டுக் கற்றுக்கொண்டேன். 2014-ல் காராச்சேவு தயாரிக்கும் ஒருவருக்காக வாங்கிய உத்தரவை கூரியரில் அனுப்பினேன். ரசீதில் முத்திரை மங்கலாக இருந்தது, யார் வாங்கினார் என்று கையெழுத்து இல்லை. ஆவணி மாதம் அவமதிப்பு மனு விசாரணைக்கு வந்தபோது எதிர்த்தரப்பு ‘நகலே வரவில்லை’ என்று பிரமாணப் பத்திரம் போட்டது. மறுக்க என்னிடம் ஒன்றும் இல்லை. மறுபடியும் நான்கு வாரம் அவகாசம் கொடுத்து மனுவை முடித்தார்கள். அவருக்கு அந்தத் தீபாவளி வியாபாரம் முழுதாகப் போனது. அவர் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை, எனக்குத்தான் இன்றைக்கும் அது ஆறவில்லை. அன்றிலிருந்து எந்த உத்தரவையும் ஒப்புகையோடு தபாலில் அனுப்புகிறேன், ஒரு பிரதியை நேரில் கொடுத்து அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குகிறேன், இமெயிலிலும் அனுப்புகிறேன். மூன்றும் செய்ய ஒரு நாள்தான் ஆகும்.

உங்களிடம் அந்த அத்தாட்சி இருந்தால் வக்கீல் நோட்டீஸ் ஒன்று அனுப்பி இரண்டு வாரம் பாருங்கள். கூடவே பத்து ரூபாய் கட்டி, என் கோப்பு இப்போது யார் மேஜையில், எந்தத் தேதியிலிருந்து இருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். அந்தப் பதிலே பாதி வழக்கை நடத்திவிடும். அதற்கு மேலும் அசையவில்லை என்றால் அவமதிப்பு மனு போடுங்கள். எட்டு வாரம் முடிந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும் என்பது 1971-ம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு. அதை மட்டும் தவறவிடாதீர்கள்.

ஜெயில் பற்றிக் கேட்டீர்கள். அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். உங்களுடையது உரிமையியல் அவமதிப்பு, அதாவது உத்தரவை மீறிய வகை. அபராதம் போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் காவல். அதோடு ‘வேண்டுமென்றே’ மீறினார் என்று தெரிய வேண்டும். தாமதம், ஆள் பற்றாக்குறை, கோப்பு தவறியது எல்லாம் வேண்டுமென்றே ஆகாது என்று வாதிடுவார்கள், பல நேரம் அது எடுபடும். மதுரைக் கிளையின் படி ஏறி இறங்கிய இத்தனை வருடத்தில் நான் பார்த்த வரைக்கும், நோட்டீஸ் கையில் கிடைத்ததும் கோப்பு நகர்ந்துவிடுகிறது. உங்களுக்கு வேண்டியது அந்த நகர்வு. அதிகாரியின் தண்டனையில் உங்கள் ஷெட்டில் வேலை பார்க்கும் ஐந்து பேருக்கு ஒரு நாள் கூலிகூட வராது.

கேள்வி: எனக்குப் பரோட்டாக் கடை. சமையலறை சுத்தமில்லை என்று உரிமத்தை நிறுத்திவைத்தார்கள். செவ்வாய்க்கிழமை காலை மதுரைக் கிளையில் இடைக்காலத் தடை வாங்கினோம். அன்று சாயங்காலம் ஆறு மணிக்கு வந்து கடையைப் பூட்டி சீல் வைத்துவிட்டார்கள். ‘ஸ்டே ஆகிவிட்டது’ என்று என் வக்கீல் போனிலேயே சொன்னார். ‘காகிதத்தைக் காட்டு’ என்றார்கள். இது அவமதிப்பு இல்லையா? சீலை உடைத்துக் கடை திறக்கலாமா?
– வாசகர், புதுக்கோட்டை

பதில்: உடைக்காதீர்கள். இதைப் படிக்கும்போது சீல் இன்னும் இருந்தால் கிட்டேகூடப் போகாதீர்கள். பூட்டின் மேல் வெள்ளைத் துணி சுற்றி, நூல் கட்டி, சிவப்பு அரக்கை உருக்கி முத்திரை குத்தியிருப்பார்கள். அதில் ஒரு கீறல் விழுந்தாலும் நாளைக்குப் பேச்சு உங்கள் பக்கம் திரும்பிவிடும். இன்றைக்கு நியாயம் உங்களோடு இருக்கிறது. அதைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

அவமதிப்பா என்ற கேள்விக்குப் பதில், அந்த ஆறு மணிக்கு சீல் வைத்த அதிகாரிக்கு என்ன தெரிந்திருந்தது என்பதில் இருக்கிறது. முத்திரை குத்திய நகல் கையில் வந்தால்தான் தெரிந்ததாக அர்த்தம் என்று பலர் நினைக்கிறார்கள், அதிகாரிகள் உட்பட. சட்டம் அப்படியில்லை. நம்பத்தகுந்த வழியில் உத்தரவு தெரியவந்தால் போதும். தடை கொடுத்தபோது அரசு வழக்கறிஞர் கோர்ட்டில் ஆஜராகி நோட்டீஸ் பெற்றுக்கொண்டாரா? பெற்றுக்கொண்டிருந்தால் உங்கள் நிலை பலமாக இருக்கிறது. அவர் மூலம் துறைக்குத் தெரிந்துவிட்டது என்று வாதிடலாம். வக்கீல் வழக்கு எண்ணையும் உத்தரவின் சாரத்தையும் சொல்லியிருந்தால், அரசு வழக்கறிஞருக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்க வேண்டியது அந்த அதிகாரியின் கடமை. அதே நேரம், கட்சிக்காரர் வெறுமனே ‘ஸ்டே வாங்கிட்டேன்’ என்று சொன்னதை நம்பாததற்காக யாரையும் தண்டிக்க மாட்டார்கள்.

நடந்த நிமிடத்தில் செய்ய வேண்டியது இது. வக்கீலின் கையெழுத்தோடு ஒரு பக்கக் கடிதம், வழக்கு எண், எந்த அமர்வு, என்ன உத்தரவு என்று மூன்று வரி. அதை வாட்ஸ்அப்பிலும் இமெயிலிலும் அங்கேயே அனுப்புங்கள். நேரம் பதிவாகிவிடும். சீல் வைக்கும்போது நடந்ததை எழுதிய மகஜரின் பிரதியைக் கேட்டு வாங்குங்கள். அதில் உங்கள் கையெழுத்துக்கு மேலே ‘தடை உத்தரவு இருப்பதைத் தெரிவித்தேன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். மறுநாள் காலை கோர்ட் உட்கார்ந்ததும் உங்கள் வக்கீல் எழுந்து சொல்லட்டும். முதல் கோரிக்கையாக சீலை எடுத்து முன்பிருந்த நிலையைக் கொண்டுவரக் கேளுங்கள், தண்டனை அப்புறம் இருக்கட்டும். மாவு பிசைந்து வைத்தது கெட்டுப்போகும், மாஸ்டர் வேறு கடைக்குப் போய்விடுவார். ஒரு நாள் என்பது பரோட்டாக் கடைக்கு எவ்வளவு பெரியது என்று எனக்குத் தெரியும்.

ஆனால் ஐயா, தடை உத்தரவு சமையலறையைக் கழுவாது. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 32-வது பிரிவுப்படி முதலில் மேம்பாட்டு நோட்டீஸ் கொடுத்து, சரிசெய்யக் குறைந்தது 14 நாள் தர வேண்டும். பொதுச் சுகாதாரத்துக்கு அவசரம் என்றால் எழுத்தில் காரணம் சொல்லி உடனே நிறுத்தவும் அவர்களுக்கு அதிகாரம் உண்டு. உங்கள் வழக்கு இதில் எந்தப் பக்கம் விழும் என்பதுதான் இறுதி விசாரணை. உங்கள் தரப்பைக் கேட்காமல் போட்ட உத்தரவு நிற்பது கஷ்டம். 2015-ல் மேகி நூடுல்ஸ் தடையை பம்பாய் உயர் நீதிமன்றம் ரத்து செய்ததற்கு அதுவும் ஒரு காரணம். ஆனால் கேட்டுவிட்டு, கரப்பான் பூச்சி படத்தோடு போட்ட உத்தரவு நிற்கும். கடை திறந்ததும் முதல் செலவு சாக்கடை மூடிக்கும் எண்ணெய்ச் சட்டிக்கும் இருக்கட்டும்.

கேள்வி: நான் பேக்கரி நடத்துகிறேன். கழிவுநீர் வசதியை ஆறு வாரத்தில் சரிசெய்வதாக என் வக்கீல் கோர்ட்டில் சொன்னார். அதை வைத்துக் கடை நடத்த அனுமதித்தார்கள். கொத்தனார் கிடைக்கவில்லை, பணமும் புரளவில்லை, மூன்று மாதம் ஆகிவிட்டது. பக்கத்து வீட்டுக்காரர் என் மேல் அவமதிப்பு மனு போட்டிருக்கிறார். நான் கையெழுத்தே போடவில்லையே, வக்கீல்தானே சொன்னார்? வாய்தாவுக்குப் போகாமல் இருந்தால் என்ன ஆகும்?
– வாசகர், கோவில்பட்டி

பதில்: போகாமல் இருந்தால் பிடியாணை வரும். போங்கள், தம்பி.

நீங்கள் சொல்லித்தான் வக்கீல் சொன்னார், அதை நீதிமன்றம் பதிவு செய்துகொண்டு உங்களுக்குச் சலுகை கொடுத்தது. அது உங்கள் வாக்குறுதிதான். உத்தரவை மீறுவதும் நீதிமன்றத்துக்குக் கொடுத்த வாக்குறுதியை மீறுவதும் சட்டத்தில் ஒரே வரியில் வருகின்றன. பதஞ்சலி விளம்பர வழக்கு உங்களுக்கு நினைவிருக்கும். அது உணவு உரிம வழக்கு இல்லை, ஆயுர்வேத மருந்து விளம்பரம் பற்றியது. ஆனாலும் பாடம் இதேதான். 2023 நவம்பர் 21-ம் தேதி உச்ச நீதிமன்றத்தில் அவர்கள் வழக்கறிஞர் கொடுத்த வாக்குறுதியை மீறியதாக 2024 பிப்ரவரியில் அவமதிப்பு நோட்டீஸ் போனது. ஏப்ரலில் அவர்கள் கொடுத்த மன்னிப்புப் பத்திரத்தை ஏற்க மறுத்தார்கள். பத்திரிகையில் மன்னிப்பு விளம்பரம் போட்டபோது, உங்கள் பொருள் விளம்பரம் எவ்வளவு பெரிதாக வருமோ அவ்வளவு பெரிதா இது என்று நீதிபதிகள் கேட்டார்கள். அந்த மாதமே உத்தராகண்ட் உரிம அதிகாரி 14 பொருட்களின் உரிமத்தை நிறுத்திவைத்தார். இத்தனை நாள் என்ன செய்தீர்கள் என்று அவரும் கேள்வி வாங்கினார். கடைசியில் ஆகஸ்ட் 13-ம் தேதி மன்னிப்பை ஏற்று, எச்சரித்து முடித்தார்கள். பெரிய நிறுவனத்துக்கே அந்த நிலை. மன்னிப்பு மனதிலிருந்து வருகிறதா, மாட்டிக்கொண்டதால் வருகிறதா என்று நீதிமன்றம் பார்க்கும்.

உங்களுக்கு வழி இருக்கிறது. இந்த வாரமே வேலையை ஆரம்பியுங்கள். குழி வெட்டினாலும் போதும், தேதி தெரியும்படி படம் எடுங்கள், குழாய் வாங்கிய பில்லை வையுங்கள், கொத்தனாருக்கு முன்பணம் கொடுத்த சீட்டை வையுங்கள். இதையெல்லாம் இணைத்து, நிபந்தனையில்லாத மன்னிப்போடு பிரமாணப் பத்திரம் போடுங்கள். பணம் புரளவில்லை என்பதை மறைக்காமல் எழுதுங்கள். அது உண்மை, உண்மைக்கு அங்கே மதிப்பு உண்டு. ‘எனக்குத் தெரியாது, வக்கீல் சொன்னது’ என்று மட்டும் எழுத வேண்டாம். ஆறு வாரம் முடிவதற்குள்ளேயே அவகாசம் கேட்டு ஒரு சின்ன மனு போட்டிருந்தால் இந்த நோட்டீஸே உங்களுக்கு வந்திருக்காது.

கேள்வி: உரிம வழக்கில் என் சித்தப்பாவுக்குப் பாதகமாகத் தீர்ப்பு வந்தது. ‘நீதிபதி பணம் வாங்கிவிட்டார்’ என்று வாட்ஸ்அப்பில் எழுதிவிட்டார். பிரச்சினை வருமா?
– வாசகி, தென்காசி

பதில்: வரலாம். உடனே அழிக்கச் சொல்லுங்கள். தீர்ப்பு தப்பு, இந்தச் சாட்சியைப் பார்க்கவில்லை, இந்தப் பிரிவைத் தவறாகப் படித்துவிட்டார்கள் என்று எவ்வளவு கடுமையாகவும் எழுதலாம். முடிந்த வழக்கின் தீர்ப்பை நியாயமாக விமர்சிப்பது அவமதிப்பு ஆகாது என்று அவமதிப்புச் சட்டத்தின் 5-வது பிரிவே சொல்கிறது. ஆதாரமில்லாமல் லஞ்சம் என்று எழுதுவது வேறு ரகம், அது குற்றவியல் அவமதிப்புக்குள் போகும். உங்கள் சித்தப்பாவின் மேல்முறையீட்டுக்கும் அது கெடுதல்.

கேள்வி: எங்கள் அம்மன் கோயில் ஆடித் திருவிழாவை நடத்த உயர் நீதிமன்றமே போலீஸ் பாதுகாப்புடன் அனுமதி தந்தது. இப்போது கூழ் ஊற்றுவதற்கும் அன்னதானத்துக்கும் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்யச் சொல்கிறார்கள். இது கோர்ட் அவமதிப்புதானே?
– விழாக் குழுவினர், சிவகங்கை மாவட்டம்

பதில்: இல்லை. கோர்ட் திருவிழாவுக்குத்தான் அனுமதி தந்தது, மற்றச் சட்டங்களிலிருந்து விலக்குத் தரவில்லை. லாப நோக்கம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் உணவு வழங்குவது உணவுப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வரும். சிறிய அளவில் செய்பவர்களுக்குப் பதிவு சுலபம், கட்டணம் வருடத்துக்கு நூறு ரூபாய்தான். ஆயிரம் பேர் ஒரே அண்டாவிலிருந்து குடிக்கும் கூழ் அது. யார் காய்ச்சினார்கள், எந்தத் தண்ணீர் என்று ஒரு இடத்தில் எழுதியிருப்பது நல்லதுதானே? கொடி ஏறுவதற்கு ஒரு மாதம் முன்பே போட்டுவிடுங்கள்.

கேள்வி: நான் உணவுப் பாதுகாப்பு அலுவலர். இரண்டு ஒன்றியமும் ஒரு நகராட்சியும் என் பொறுப்பில். நான்கு மாதம் முன்புதான் இங்கே மாறுதலில் வந்தேன். முந்தைய அலுவலர் காலத்தில், ஒரு அரிசி ஆலையை ஆய்வு செய்து அறிக்கை தரும்படி வந்த கோர்ட் உத்தரவு நிறைவேற்றப்படவில்லை. பொறுப்பு ஒப்படைத்தபோது யாரும் சொல்லவில்லை. இப்போது என் பெயரைப் போட்டு அவமதிப்பு நோட்டீஸ். இரவெல்லாம் தூக்கம் வரவில்லை. துறை மேல்முறையீடு செய்யப்போவதாகச் சொல்கிறார்கள், அதுவரை சும்மா இருக்கலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பதில்: உங்கள் கடிதத்தை இந்தப் பகுதிக்கு எடுத்ததற்குக் காரணம் உண்டு. மேலே கேட்டவர்கள் எல்லாம் உங்களைப் போன்ற ஒருவரைத்தான் திட்டியிருக்கிறார்கள். இந்தப் பக்கம் இருப்பவர் எப்படி உட்கார்ந்திருக்கிறார் என்பதும் அவர்களுக்குத் தெரியட்டும்.

சும்மா இருக்கக் கூடாது. மேல்முறையீடு போட்டிருந்தாலும்கூட, தடை உத்தரவு வராத வரை மூல உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது. போடப்போகிறோம் என்பதற்கு எந்த மதிப்பும் இல்லை. மேலதிகாரி ‘பொறு’ என்று வாயால் சொன்னதை நம்பி நின்றால் கூண்டில் நிற்பது நீங்கள்தான். அவரிடம் எழுத்தில் கேளுங்கள், ‘இன்ன தேதி உத்தரவு நிலுவையில் உள்ளது, அறிவுரை வேண்டும்’ என்று ஒரு குறிப்பு. அதற்காகக் காத்திருக்காமல் நாளைக்கே ஆலைக்குப் போய் ஆய்வு செய்யுங்கள். மேல்முறையீட்டின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்று ஒரு வரி சேர்த்து அறிக்கை கொடுக்கலாம், துறையின் உரிமை ஒன்றும் போய்விடாது.

முந்தையவர் காலத்துத் தாமதத்துக்கு நீங்கள் பொறுப்பில்லை. உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து பொறுப்பு. அந்த நாள் எது என்று நேர்மையாகப் பிரமாணப் பத்திரத்தில் சொல்லுங்கள். பொறுப்பு ஒப்படைப்புப் பட்டியலின் நகலை இணையுங்கள், அதில் இந்த உத்தரவு இல்லை என்பதே உங்கள் சாட்சி. ஒன்று மட்டும் செய்யாதீர்கள், ஆய்வு அறிக்கைக்கு முன்தேதி போடாதீர்கள். அப்படிச் செய்யச் சொல்லி யாராவது வருவார்கள். ஃபாஸ்காஸில் ஆய்வு பதிவேறிய நேரமும் உங்கள் வண்டிப் பதிவேடும் அதைக் காட்டிக்கொடுத்துவிடும். சாதாரணத் தாமதமாக முடிய வேண்டியது அன்றைக்கு மோசடியாகிவிடும்.

தாமதத்துக்கு மன்னிப்புக் கேளுங்கள். ‘அப்படி அவமதிப்பு நேர்ந்திருந்தால்’ என்று விளக்கத்தோடு கேட்டாலும், மனதார இருந்தால் அந்த ஒரே காரணத்துக்காகத் தள்ளிவிடக் கூடாது என்று அவமதிப்புச் சட்டத்தின் 12-வது பிரிவு சொல்கிறது. இருந்தாலும் என் கருத்தில் நேராகக் கேட்பது நல்லது. அறிக்கையில் ஆலைக்குப் பாதகமாக ஏதாவது இருந்தால் ஆலைக்காரரைக் கேட்டுவிட்டு, காரணத்தோடு எழுதுங்கள். எந்த விண்ணப்பத்தையும், கோர்ட் ஏற்கெனவே தள்ளிய காரணத்தையே மறுபடி எழுதி நிராகரித்தால் அதுவே புது அவமதிப்பு ஆகலாம்.

விசாரணை நாளில் அரசு வழக்கறிஞர் அலுவலகத்துக்கு ஒன்பது மணிக்கே போய்விடுங்கள். மூலக் கோப்பை முழுதாக, பக்க எண் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள். உத்தரவு எந்தப் பக்கம், உங்களுக்குத் தெரிந்த நாள் எந்தப் பக்கம், ஆய்வு அறிக்கை எந்தப் பக்கம் என்று மூன்று சீட்டு ஒட்டி வையுங்கள். நீதிபதி கேட்டதும் அந்தப் பக்கத்தைத் திறந்து கொடுங்கள்.